யார் சொல்றது இது?

எங்கள் கிளை நூலகத்துக்குப் பழைய புத்தகங்களைத் தைத்து அட்டை கட்டிக்கொடுத்த பாய்க்கு ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. கொடுத்ததைப் படித்துவிடுவார். பைண்டர் படிக்கக் கூடாது என்று சட்டம் ஒன்றும் கிடையாதுதான். ஆனால் படித்து முடிக்காமல் ஊசியைத் தொட மாட்டேன் என்று ஒருவர் உட்கார்ந்துகொண்டால் நூலகத்தை எப்படி நடத்துவது? பதினைந்து நாளில் திரும்ப வேண்டிய கட்டு இரண்டு மாதம் கழித்து வரும். கேட்டால், "படிக்காம தச்சா ஃபாரம் முன்ன பின்ன ஆயிடும்மா" என்பார். பதினாறு பக்கம் சேர்ந்தது ஒரு ஃபாரம். ஒவ்வொரு ஃபாரத்தின் அடியிலும் வரிசை எண் அச்சாகியிருக்கும். கண்ணை மூடிக்கொண்டு அடுக்கலாம். அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

அறுபத்தாறில் நான் காஞ்சிபுரத்தில் அந்த வேலையில் சேர்ந்தேன். திருப்புட்குழியிலிருந்து தினம் பஸ்ஸில் வந்து பூட்டைத் திறப்பேன், சாயங்காலம் பூட்டிவிட்டுப் போவேன். நடுவில் நூலகர், குமாஸ்தா, கூட்டிப் பெருக்குகிறவள் எல்லாம் நானே. எனக்கு வாய் நீளம் என்று ஊரில் பெயர். நீளமாக இல்லாவிட்டால் பேப்பர் படிக்க வருகிற அத்தனை ஆம்பிளைகளை ஒரு பெண்பிள்ளை சமாளிக்க முடியுமா? புத்தகம் ஒரு நாள் தாமதமானால் வக்கீலானாலும் தறிக்காரரானாலும் ஒரே மரியாதைதான் கிடைக்கும்.

பாய்க்கு அப்போது ஐம்பதுக்குப் பக்கம். ஒல்லி. லுங்கியை நம் ஊர்க்காரர்கள்போல் இடுப்பில் சுருட்டிச் சொருக மாட்டார், முன்னால் முடிச்சுப் போட்டிருப்பார். ரங்கூன் கட்டு என்பார்கள். மைதாப் பசையில் பூச்சி விழாமலிருக்க மயில்துத்தம் கலப்பார். அதனால் நகக்கண் எப்போதும் நீலமாக இருக்கும். தலையில் வலைத்தொப்பி, தொப்பியில் நூல் கோத்த ஊசி. ஒலிமுகமது பேட்டையில் ஒற்றை அறை. ஒண்டிக்கட்டை. முதல் இரண்டு வருஷம் எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

எந்தப் புத்தகத்தைக் கொடுத்தாலும் முதலில் கிழிசலைப் பார்க்க மாட்டார். பெயர்ப் பக்கத்தைப் புரட்டி, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, "யார் சொல்றது இது?" என்பார். எழுதியவன் எந்த ஊர்க்காரன், எங்கே அச்சிட்டது, எந்த வருஷம், எல்லாம் தெரிந்தாக வேண்டும். ஒருமுறை கோழி வளர்ப்பு பற்றி ஒரு கையேடு வந்தது. அதற்கும் அதே கேள்வி. "எழுதினவரு பேருக்குப் பின்னால இம்மாம் பெரிய பட்டம் போட்டுக்கினு இருக்காரு. கோழி வளர்த்தாரான்னு எங்கியும் போடலியே" என்று குறைப்பட்டுக்கொண்டார்.

பேப்பர் மேஜையில் உட்கார்கிற தறிக்காரர்களுக்கு இது நல்ல விளையாட்டு. "பாய், இன்னிக்கு வெயில் ஜாஸ்திபா" என்று ஒருவர் ஆரம்பிப்பார். "யார் சொல்றது இது?" என்று இன்னொருவர் பாயின் குரலிலேயே முடிப்பார். மேஜையே குலுங்கும். பாய் கோபித்துக்கொள்ள மாட்டார். "சிரிங்கபா, சிரிங்க. ஒரு நாளைக்கு நீங்களே கேப்பீங்க" என்று கட்டைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு போய்விடுவார்.

காலமான ஒரு வக்கீலின் வீட்டிலிருந்து ஓர் அலமாரிப் புத்தகம் நன்கொடையாக வந்தது. பாதி சட்டம், பாதி சரித்திரம், முழுக்க இங்கிலீஷ், முக்கால்வாசி செல்லரித்தது. வக்கீலின் மைத்துனர் யாரோ ரங்கூனில் இருந்தவராம். அதனால் பர்மா சரித்திரம் மட்டும் இரண்டு இருந்தன. ஒன்று அங்கே உத்தியோகம் பார்த்த வெள்ளைக்கார அதிகாரி எழுதியது. இன்னொன்று லண்டனில் படித்துத் திரும்பிய பர்மாக்காரர் ஒருவர் எழுதியது. இரண்டுக்கும் முதுகு போய், ஃபாரங்கள் தனித்தனியாகக் கழன்று கிடந்தன. மற்றவற்றோடு சேர்த்துப் பாயிடம் கொடுத்தேன். மற்றவையெல்லாம் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. அந்த இரண்டும் மட்டும் வரவேயில்லை.

எட்டு மாதம் பொறுத்தேன். ஒரு நாள் அவர் தலையைக் கண்டதும் பொரிந்துவிட்டேன். "என்னா பாய், பரீட்சைக்குப் படிக்கிறீங்களா?" என்று எல்லார் எதிரிலும் கேட்டேன்.

"ஆமாம்மா, பரீட்சைதான். கேள்வி ஒண்ணே ஒண்ணு. பதிலுதான் தெரியல" என்றார். சட்டைப் பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து என் மேஜைமேல் வைத்தார். ஜாங்கிரி பிழிந்ததுபோல் வட்டவட்டமாக எழுத்து. பர்மாப் பாஷை. அன்றைக்குத்தான் அவர் கதை எனக்குத் தெரிந்தது.

பதினாறு வயதில் தாய்மாமனோடு, மாமூ என்பார், கப்பலேறி ரங்கூன் போனவர். அங்கே ஓர் அச்சாபீசில் பைண்டர். பிழை திருத்துகிறவர் பக்கத்தில் உட்கார்ந்து எழுத்துக்கூட்டி இங்கிலீஷ் கற்றுக்கொண்டார். பர்மாக்காரப் பெண்ணைக் கட்டிக்கொண்டார். ஒரே மகள். முப்பது வருஷம் கழித்து அங்கே பட்டாளத்து ஆட்சி வந்தது. கடைகளையும் அச்சாபீஸ்களையும் சர்க்காரே எடுத்துக்கொண்டது. வெளியூர்க்காரர்கள் கிளம்ப வேண்டியதாயிற்று. "இது என் ஊர், நான் எங்கே வருவேன்?" என்றாள் மனைவி. மகள் அம்மாவோடு நின்றுவிட்டாள். இவர் ஒரு டிரங்குப் பெட்டியோடு வந்து இறங்கி, பிறந்த ஊரிலேயே யாருக்கும் அடையாளம் தெரியாத ஆளாக ஓர் அறை பிடித்தார்.

அந்தக் கடிதம் எழுதியபோது மகளுக்குப் பத்தொன்பது வயது. இவர் அனுப்பிய ஆறு கடிதங்களுக்கு அவள் போட்ட ஒரே பதில் அதுதான். பாய் விரல் வைத்துப் படித்துத் தமிழில் சொன்னார். ஆரம்பத்தில் அப்பா என்று இல்லை. 'கலா என்பவருக்கு' என்று இருந்தது. நீங்கள் எங்கள் நாட்டுக்கு எதற்கு வந்தீர்கள்? வெள்ளைக்காரனோடு வந்தவர்கள் அவனோடேயே போயிருக்க வேண்டும் என்று எங்கள் ஆசிரியர் சொல்கிறார். நீங்கள் என்ன சொல்கிறீர்கள்? பதில் இருந்தால் எழுதுங்கள், இல்லையென்றால் இனி எழுத வேண்டாம். அவ்வளவுதான் கடிதம். கீழே கையெழுத்து.

"அங்கத்த சாயபு வூட்டுப் புள்ளைங்களுக்கு ரெண்டு பேரும்மா. ஸ்கூல்ல ஒண்ணு, அது பர்மாப் பேரு. வூட்ல ஒண்ணு, அது நாம வெக்கிறது. நான் வெச்ச பேர அவ போடல, பாருங்க" என்று கையெழுத்தைக் காட்டினார். எனக்கு அதுவும் ஜாங்கிரிதான்.

"கலா யாரு?" என்றேன். எனக்குத் தெரிந்த கலா என் சித்தப்பா மகள் ஒருத்திதான்.

"நான்தான். எங்க உருதுல காலான்னா கறுப்பன். அங்க நம்மள அப்படித்தான் கூப்பிடுவாங்க. தெருவுல போறவன் சொன்னா தொடச்சிப் போட்டுட்டுப் போயிடலாம். பெத்த பொண்ணு கறுப்பான்னு கடுதாசி போட்டிருக்காம்மா" என்றார். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. கடிதத்தை மடிக்கிற விரல்தான் மடிப்பைக் கண்டுபிடிக்க முடியாமல் தடவிக்கொண்டிருந்தது.

"வயித்துப் பொழப்புக்கு வந்தேன்னு ஒரு வரி எழுதிப் போடுங்களேன். இதுக்குப் போயி ரெண்டு தடிப் புத்தகமா?" என்றேன்.

"அது எனக்குத் தெரிஞ்ச பதிலு. அவங்க வாத்தியாரு ஒண்ணு சொல்லிக்கினு இருக்காரு. அந்தப் பொஸ்தகத்துல வெள்ளக்காரன் ஒண்ணு சொல்றான். அவங்க ஆளு வேற ஒண்ணு சொல்றான். எல்லாத்தையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாக்காம நான் இன்னான்னு எழுதறது?"

நானும் மனுஷிதானே. இன்னும் ஒரு மாதம் தருகிறேன் என்றேன். அவர் எடுத்துக்கொண்டது இரண்டு வருஷத்துக்கு மேல்.

அந்தக் காலத்தில் அவர் நூலகத்துக்குள் நுழைகிற விதத்தை வைத்தே எந்த ஃபாரம் படித்திருக்கிறார் என்று சொல்லிவிடலாம். ஒரு நாள் செருப்பைக் கூடக் கழற்றாமல் உள்ளே வந்தார். "டில்லி பாதுஷாவ வெள்ளக்காரன் ரங்கூனுக்குக் கொண்டாந்து வெச்சு, அவரு அங்கயே மௌத்தாயிட்டாரு, தெரியுமில்ல? அவரு கபுறுக்கு வாராவாரம் வியாழக்கெழம நான் பாத்தியா ஓதப் போவேன். நம்ம பாதுஷாவ இப்படிப் பண்ணிட்டானேன்னு அழுவேன். இப்ப பாத்தா, பர்மா ராஜாவையும் ராணியையும் மாட்டு வண்டில ஏத்தி, கப்பல்ல போட்டு, நம்ம தேசத்துல மேற்குக் கடலோரம் ரத்னகிரில கொண்டாந்து வெச்சானாம். அவரும் இங்கயே செத்தாராம். முப்பது வருசம் அந்த ஊர்ல சோறு துன்னேன், எனக்கு இது தெரியாதும்மா. என் சம்சாரம் ஒரு நாளும் சொல்லல."

"நீங்க கேட்டீங்களா?" என்றேன்.

நின்றுகொண்டே யோசித்தார். "கேக்கல" என்றார். வாசலுக்குப் போய்ச் செருப்பைக் கழற்றிவிட்டு வந்தார்.

அவர் பரம்பரை ஆற்காட்டுப் பட்டாளத்துப் பரம்பரை. யார் கிடைத்தாலும் அதைச் சொல்லாமல் விடமாட்டார். கொள்ளுப்பாட்டனார் துப்பாக்கி பிடித்த கதை, மெடல் வாங்கிய கதை எல்லாம் தறிக்காரர்களுக்கு மனப்பாடம். மெடல் எந்தச் சண்டையில் என்று மட்டும் யாருக்கும் தெரியாது. பர்மாமேல் வெள்ளைக்காரன் எடுத்த முதல் சண்டைக்குக் கப்பல் கப்பலாகப் போனது மதராஸ் பட்டாளம்தான் என்று புத்தகத்தில் வந்தது. அதைப் படித்ததிலிருந்து மெடல் கதை நின்றது. ஒரு தறிக்காரர் வேண்டுமென்றே, "பாய், கொள்ளுப்பாட்டன் துப்பாக்கிய எங்க நீட்டினாரு?" என்று கிளறினார். "அதத்தாம்பா தேடிக்கினு இருக்கேன்" என்றார் பாய். கேட்டவர் பேப்பருக்குள் முகத்தை விட்டுக்கொண்டார்.

எழுபதில் மாவட்டத்திலிருந்து ஓர் அதிகாரி இருப்புச் சரிபார்க்க வந்தார். அலமாரி அலமாரியாகப் பதிவேட்டோடு ஒப்பிட்டுக்கொண்டு வந்தபோது பர்மா சரித்திரம் இரண்டும் குறைந்தன. பைண்டிங்கில் இருக்கிறது என்றேன். "எத்தனை வருஷமா?" என்றார். பாயை அழைத்துவர ஆள் அனுப்பினேன். பாய் வந்தார். கையில் ஒரே ஒரு புத்தகம். கனமான அட்டை, பச்சைக் காலிக்கோ துணி, நேர்த்தியான முதுகு. அவர் கட்டியதிலேயே அப்படி ஒரு பைண்டிங் நான் பார்த்ததில்லை.

அதிகாரி திறந்து படித்தார். நான்கு தாள் புரட்டினார். புருவம் ஏறியது. "என்னய்யா இது? ராஜா அக்கிரமக்காரன், மரக் கம்பெனிமேல அநியாயமா அபராதம் போட்டான், அதனால வேற வழியில்லாம நாங்கன்னு வருது. வாக்கியம் முடியல. அடுத்த பக்கத்தில, தேக்குக் காட்டை முழுங்கறதுக்கு அபராதம் ஒரு சாக்குன்னு எவனோ பேசறான்?"

பாய் பொறுமையாக விளக்கினார். வெள்ளைக்காரன் புத்தகத்தில் ஒரு ஃபாரம், பர்மாக்காரர் புத்தகத்தில் ஒரு ஃபாரம். மறுபடி அது ஒன்று, இது ஒன்று. காலம் காலத்தோடு பொருந்துகிறமாதிரி அடுக்கி, அகலத்தைச் சீராக வெட்டி, ஒன்றாகத் தைத்துவிட்டார். "நம்ம ஊர்க் கோர்வைப் பொடவ மாதிரிங்க. ஒடம்பு ஒரு கலரு, கரை ஒரு கலரு. நூல் ஓட்டறதுக்கு அதுக்குத் தனி நாடா, இதுக்குத் தனி நாடா. எழைக்கு எழை கோத்துக்கினு போவணும். அப்பதான் அது பொடவ. இவன மட்டும் படிச்சா இவன் சொல்றது நெஜம். அவன மட்டும் படிச்சா அவன் சொல்றது நெஜம்" என்றார்.

பேப்பர் மேஜையிலிருந்து ஒரு தறிக்காரர் எழுந்து வந்து அதிகாரியின் தோளுக்குமேல் எட்டிப் பார்த்தார். "கோர்வை சுத்தமா வுழுந்திருக்குது பாய்" என்று சான்றிதழ் கொடுத்தார். நான் அவரை முறைத்தேன். அந்த நேரத்தில் எனக்கு உயிர் போய்க்கொண்டிருந்தது.

பிரித்துத் தரச் சொன்னார் அதிகாரி. விளிம்பு வெட்டியாகிவிட்டது, பிரித்தால் தாள் நிற்காது என்றார் பாய். சர்க்கார் சொத்தை நாசம் பண்ணியதாக ஒரு பேச்சு, எனக்கு ஒரு மெமோ. பாய்க்கு இனிமேல் நூலக வேலை கொடுக்கக் கூடாது என்று உத்தரவு. இரண்டு புத்தகங்களும் சிதைந்தவை என்று பதிவேட்டில் சிவப்பு மையால் அடிக்கப்பட்டன. புதிதாக வந்த பச்சைப் புத்தகத்தை எந்த எண்ணில் ஏற்றுவது என்று அதிகாரிக்கே தெரியவில்லை. அப்படி ஒரு புத்தகத்தை யாரும் எழுதவும் இல்லை, வெளியிடவும் இல்லை. "உங்க மேஜைக்குள்ள போட்டுப் பூட்டுங்க" என்று சொல்லிவிட்டு மூன்று மணி பஸ்ஸைப் பிடிக்கப் போனார்.

அவர் போனதும் பாயை நான் திட்டிய திட்டு இருக்கிறதே, இப்போது நினைத்தால் எனக்கே கூசுகிறது. உங்களால் என் வேலை போயிருக்கும், சோற்றுக்கு நீங்கள் போடுவீர்களா என்றெல்லாம் கேட்டேன். எல்லாவற்றையும் தலை குனிந்து கேட்டுக்கொண்டு, கடைசியில், "வருசத்தப் பாத்து அடுக்கித் தச்சிட்டேன், முழுசாப் படிக்க இன்னும் நாலு ஃபாரம் பாக்கி இருக்குதும்மா. இங்கயே, உங்க கண்ணெதிரயே ஒக்காந்து படிச்சிட்டுத் தந்துடறேன்" என்றார். என்ன மனிதர்! சாவியை எடுத்து மேஜையைத் திறந்தேன்.

அதன் பிறகு தினம் மத்தியானம் வருவார். ஜன்னலோரத்து நாற்காலியில் உட்கார்ந்து, விரலை வரிக்கடியில் ஓட்டிப் படிப்பார். போகும்போது புத்தகத்தை என்னிடம் கொடுத்துவிட்டுப் போவார். மூன்றாம் வாரமோ நான்காம் வாரமோ, நூலகம் முழுக்கக் கேட்கிறமாதிரி ஒரு சிரிப்புச் சத்தம். பேப்பர் மேஜை மொத்தமும் திரும்பியது. பாய் எழுந்து நின்றுகொண்டிருந்தார்.

"வெள்ளக்காரனும் கலாவாம்மா!" என்று கத்தினார். "அவனே அடிக்குறிப்புல எழுதி வெச்சிருக்கான். மேற்கால இருந்து கடலத் தாண்டி யார் வந்தாலும் கலாதானாம். இவங்களுக்கு வெள்ளைக் கலான்னு பேராம். வெள்ளைக் கறுப்பன்! எங்கியாவது உண்டா? கறுப்புமில்ல, செவப்புமில்ல. என் பொண்ணு என்னக் கறுப்பான்னு சொல்லல."

"முப்பது வருஷம் இருந்தீங்களே, இது தெரியாதா?" என்றேன்.

"எங்க காலத்துல அவனத் தக்கின்னுதான் கூப்பிடணும். தொரைன்னு அர்த்தம். கலாங்கறது நமக்கு மட்டும்னு நெனச்சிக்கினு இருந்தேன். நாற்காலிக்கே அந்தப் பாஷைல கலா ஒக்கார்றதுன்னுதான் பேரு. நம்மளக் கேலி பண்றாங்கன்னு நெனப்பேன். நாம எங்க நாற்காலில ஒக்காந்தோம்? அவன் ஒக்காந்ததுக்கு வெச்ச பேரும்மா அது!" தறிக்காரர்களுக்கெல்லாம் அன்றைக்கு அவர் செலவில் டீ வந்தது.

மறுநாள் அவர் வரவில்லை. அதற்கு அடுத்த நாளும் வரவில்லை. நாலாம் நாள் வந்தவர் ஜன்னலோரம் போகாமல் என் மேஜை முன்னால் நின்றார். முகம் தொங்கிப்போயிருந்தது. நாற்காலியை இழுத்துப் போட்டேன். அதைப் பார்த்தார், உட்காரவில்லை.

"அவனுக்கும் எனக்கும் ஒரே பேருதாம்மா" என்றார்.

எனக்குப் புரியவில்லை.

"கறுப்பான்னு சொன்னா, சொன்னவன் மேல கோவம் வரும். நாம பொறந்த நெறத்துக்கு நாம இன்னா பண்ணுவோம்? இது அப்படியில்ல. கடலத் தாண்டி வந்து ஒக்காந்தவன்னு அர்த்தம். வெள்ளைக் கலா முன்னால வந்தான், நான் அவன் பின்னால வந்தேன். அவங்க கண்ணுக்கு ரெண்டு பேரும் ஒரே கப்பல்தான். என் பொண்ணு என்னத் திட்டல. இருக்கறத சொல்லியிருக்கா. இதுக்கு நான் கோவிச்சிக்கவும் முடியாது."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. பதினாறு வயதில் பசிக்குக் கப்பலேறியவனும் பீரங்கியோடு கப்பலேறியவனும் ஒன்றா? அதை அப்படியே எழுதுங்கள், நீங்களாக ஏன் தலையில் மண்ணை வாரிப் போட்டுக்கொள்கிறீர்கள் என்று சண்டை போட்டேன். அவருக்காகச் சண்டை போடுகிறேன் என்பது வாயை மூடிய பிறகுதான் எனக்கே உறைத்தது.

"நீங்க சொல்றதும் நெஜந்தான். அதெல்லாம் பொஸ்தகத்துல இருக்குதும்மா" என்றார். "இது கடுதாசி. யார் சொல்றது இதுன்னு கேட்டா, நான் சொல்றதுன்னு இருக்கணுமில்ல?"

அன்றைக்கே, என் எதிரிலேயே எழுதினார். எட்டோ ஒன்பதோ வரிதான். அத்தனை வருஷம் படித்ததற்கு அவ்வளவுதானா என்று எனக்கு ஏமாற்றமாகக்கூட இருந்தது. என்ன எழுதினீர்கள் என்றதும் சொன்னார். வேலை தேடி வெள்ளைக்காரன் விட்ட கப்பலில் ஏறி வந்தேன். யார் கப்பல், யாரைக் கேட்டு விடுகிறான் என்று நான் கேட்கவில்லை. உங்கள் ராஜா எங்கள் மண்ணில் செத்தது தெரியாமல் உங்கள் மண்ணில் முப்பது வருஷம் இருந்தேன், உன் அம்மாவையும் அதைக் கேட்கவில்லை. உங்கள் ஊரில் புத்த மடத்தில் எழுத்துப் படிக்காத பிள்ளையே கிடையாது என்று உங்களை அடித்துப் பிடித்த வெள்ளைக்காரனே எழுதிவைத்திருக்கிறான். அதுவும் எனக்கு இப்போதுதான் தெரியும். நீ கூப்பிட்ட பெயர் சரிதான். கடைசியில் கையெழுத்துக்கு அந்தப் பெயரையே போட்டிருந்தார், கலா என்று. அவர் அறை எண் தபால்காரனுக்குக் குழம்பும் என்பதால், பதில் வர நூலக விலாசம் கொடுத்தார். சட்டப்படி தப்பு. நான் ஒன்றும் சொல்லவில்லை.

வைகாசி வந்தது, கருட சேவைக் கூட்டத்தில் பஸ் கிடைக்காமல் திண்டாடினேன். ஐப்பசி மழையில் நூலகத்துக் கூரை ஒழுகியது. பாய் பள்ளிக்கூட ரிஜிஸ்டர்களும் மதரஸாக் கிதாப்களும் தைத்துக்கொண்டிருந்தார். தினம் வருவார், என் முகத்தைப் பார்ப்பார், நான் உதட்டைப் பிதுக்குவேன், அவர் பேப்பர் மேஜைக்குப் போவார். கடிதம் வந்தது தை மாதத்தில்.

உறையைப் பிரிக்க எனக்குக் கை துறுதுறுத்தது. பிரித்துத்தான் என்ன, படிக்கவா தெரியும்? அவர் வந்து வாங்கி, நின்றபடியே பிரித்தார். ஒரே ஒரு வரி. படித்தார். மறுபடி படித்தார். தோள் குலுங்க ஆரம்பித்தது. பயந்துபோய் எழுந்தேன். சிரித்துக்கொண்டிருந்தார், கண்ணில் நீர் கொட்டிக்கொண்டிருந்தது.

"என்னா பாய்? என்னா எழுதியிருக்கா?"

"அடிச்சவனே எழுதிவெச்சான்னேனே, மடத்துப் படிப்பப் பத்தி. அதப் புடிச்சிக்கினா. எந்தப் பொஸ்தகம், யார் சொல்றது இதுன்னு கேக்கறா."

பேப்பர் மேஜையில் ஒரு தறிக்காரர் பேப்பரை மடித்து வைத்தார்.

"அந்தக் கேள்விய நான் அவளுக்கு ஒரு நாளும் சொல்லித் தரலம்மா" என்றார் பாய். "என் ரத்தம். எங்க போவும்?"

மேஜையைத் திறந்து பச்சைப் புத்தகத்தை எடுத்து அவர் முன்னால் வைத்தேன். அவர் தயங்கினார். "உங்களுக்கு மெமோ வரப்போவுது" என்றார். எந்தப் பதிவேட்டிலும் இல்லாத புத்தகம் காணாமல் போனால் எந்த அதிகாரி வந்து என்ன எழுதுவான்? எடுத்துக்கொண்டு போங்கள் என்றேன். ஒரு நாளும் ஒரு புத்தகத்தைக்கூட பற்றுச் சீட்டில்லாமல் வெளியே விடாதவள் நான்.

இரண்டு நாள் கழித்துக் கட்டிக் கொண்டுவந்து காட்டினார். முதுகைப் பிரிக்காமல் பின் அட்டையை மட்டும் கழற்றி மறுபடி கட்டியிருந்தார். கடைசியில் புதிதாக ஒரு ஃபாரம் சேர்ந்திருந்தது. பதினாறு பக்கமும் வெறும் வெள்ளைத் தாள்.

"இது எதுக்கு?"

"வெள்ளக்காரன் சொல்லியாச்சு. அவங்க பெரியவரு சொல்லியாச்சு. அவ இன்னும் சொல்லலியே" என்றார்.

மகள் கையெழுத்துப் போட்டுத் திருப்பி அனுப்புகிற அத்தாட்சி அட்டையும் சேர்த்துத் தபாலாபீஸில் ரிஜிஸ்டர் செய்தோம். அந்த ஊர் சர்க்கார் வெளிநாட்டுப் புத்தகங்களைத் தடுத்து வைக்கிறதாகத் தபாலாபீஸிலேயே சொன்னார்கள். போய்ச் சேருமா என்பது அல்லாவுக்குத்தான் வெளிச்சம் என்று வீட்டுக்கு வந்துவிட்டேன்.

ஐந்து மாதம் ஆயிற்று அட்டை திரும்பி வர. நான்கைந்து முத்திரை குத்தி, ஓரம் மடங்கி, பெற்றுக்கொண்டவர் கையெழுத்து என்ற இடத்தில் வட்டவட்டமாக ஏதோ இருந்தது. பாய் அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிப் பார்த்தார், இறக்கிப் பார்த்தார்.

"ஸ்கூல் பேரா?" என்றேன்.

இல்லை என்று தலையாட்டினார். தான் வைத்தது என்பதுபோல் நெஞ்சைத் தொட்டுக் காட்டினார். தறிக்காரர்கள் மாதிரியே கிண்டலாக, "யார் சொல்றது இது?" என்று கேட்டேன்.

அவர் அந்தக் கையெழுத்தின் மேல் நீல நகத்தை வைத்தார். "அவளே சொல்றதும்மா" என்றார்.

ஜன்னலோரத்து நாற்காலியை இழுத்துப் போட்டேன். உட்கார்ந்தார். அன்றைக்கு அவர் எழுந்து போகிறவரை நான் நூலகத்தைப் பூட்டவில்லை. திருப்புட்குழிக்குக் கடைசி பஸ்தான் கிடைத்தது.